பெந்தெகொஸ்தேக்கு மறுநாள் கல்யாணம்

கவுஞ்சியில் தமயந்தியைத் தேடி யாரும் வீடு வீடாக அலைய வேண்டியதில்லை. எங்கே இருக்கிறாள் என்பதைக் குரலே சொல்லிவிடும். மேல்பாத்தியில் நின்று புருஷனைச் சாப்பிடக் கூப்பிட்டாள் என்றால், கீழே பூண்டு பிடுங்கிக்கொண்டிருக்கும் பக்கத்து வயல்காரர்களும் கையைக் கழுவிக்கொண்டு எழுந்துவிடுவார்கள் என்று ஊரில் ஒரு கேலி உண்டு.

அந்தக் குரல் அவளுக்கு இலங்கையில் வாய்த்தது. ஹட்டன் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில், கூலிகள் வரிசையாகக் குடியிருக்கும் லயத்து வீட்டில் பிறந்தவள். சின்ன வயதிலேயே பெரியதுரை பங்களாவில் பிள்ளை பார்க்கிற ஆயாவாகப் போய்விட்டாள். துரைசாணிக்குக் காது மந்தம். அந்த அம்மாளிடம் இங்கிலீஷ் கற்றுக்கொண்டதும், அந்த அம்மாள் காதில் விழும்படி கத்திப் பேசப் பழகியதும் சேர்ந்தே நடந்தன. பிறகு இரண்டு அரசாங்கங்களும் பேசி முடிவெடுத்து, 'உங்கள் நாடு அதுதான்' என்று சொல்லிக் கப்பல் ஏற்றிவிட்டார்கள். அது எழுபத்தொன்றாம் வருஷம். மண்டபம் முகாமில் கொஞ்ச காலம் கிடந்துவிட்டு, தமயந்தியும் அவள் புருஷன் சுப்புராஜும் பிள்ளைகளோடு கொடைக்கானல் மலை ஏறினார்கள். சுப்புராஜுக்கு மரக்கன்று நடுகிற வேலை கிடைத்தது. கவுஞ்சிக்குப் பக்கத்தில் காலனி வீடும், உருளைக்கிழங்கு போட ஒரு துண்டு நிலமும் அமைந்தன.

வெயில் காலம் வந்தால் கீழ்நாட்டிலிருந்து வெள்ளைக்கார மிஷனரிகள் குடும்பத்தோடு கொடைக்கானலுக்கு ஏறிவருவார்கள். அந்த மூன்று மாதம் தமயந்தி அங்கே ஒரு மிஷன் பங்களாவில் சமையலுக்குப் போவாள். அப்படிப் போன இடத்தில்தான் அவள் வாழ்க்கை வேறு பக்கம் திரும்பியது.

எழுபத்து நாலு மே மாதம். பங்களாத் தோட்டத்தில் ஷாமியானா போட்டுக் கூட்டம் நடந்தது. மலைக் கிராமங்களிலிருந்து சனங்கள் கம்பளியைச் சுற்றிக்கொண்டு வந்து உட்கார்ந்திருந்தார்கள். வெளிநாட்டுப் பிரசங்கியார் கடைசிக் காலத்தைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார். பக்கத்தில் நின்று தமிழாக்கம் செய்தவன் மதுரையில் காலேஜ் படிக்கிற பையன். ஆண்டவர் தம்முடைய சனங்களை ஆகாயத்துக்கு எடுத்துக்கொள்வதற்கு இங்கிலீஷில் 'ராப்ச்சர்' என்று ஒரு சொல் உண்டு. அதே சொல்லுக்குப் பேரானந்தம் என்றும் அர்த்தம் உண்டு. பையனுக்கு இரண்டாவது அர்த்தம்தான் தெரியும்.

"வயலில் இரண்டு பேர் நிற்பார்கள். ஒருவன் பேரானந்தம் அடைவான். இன்னொருவன் அடையமாட்டான்" என்றான்.

"ஏன், அவனுக்கு என்ன கேடு?" என்று கூட்டத்தில் ஒரு பெண்பிள்ளை கேட்டாள். கவுஞ்சிப் பெருமாயிதான். ஞானஸ்நானம் வாங்கியும் பேரை மாற்றிக்கொள்ள மாட்டேன் என்று நின்றவள். மனசில் பட்டதை அடக்கி வைக்கிற வழக்கம் அவளுக்குக் கிடையாது.

பின்னால் தேநீர்த் தட்டோடு நின்ற தமயந்திக்குப் பொறுக்கவில்லை. "அது இல்லைங்க! ஒருத்தன அப்படியே தூக்கிட்டுப் போயிருவாராம்! மத்தவன் மம்பட்டியோட அங்கனயே நிப்பானாம்!" என்றாள்.

அவள் சாதாரணமாகத்தான் சொன்னாள். ஆனால் மைக் வைத்துப் பேசின பையனுடைய சத்தத்தைவிட அது தெளிவாக விழுந்தது. கூட்டம் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. பிரசங்கியார் கையை நீட்டி, "அந்த அம்மா இங்கே வரட்டும்" என்றார். பையன் நல்லவன். விட்டால் போதும் என்று அவனே தட்டை வாங்கிக்கொண்டான்.

பெண்பிள்ளை மேடை ஏறுவதா என்று சில பெரியவர்கள் முகத்தைச் சுளித்தார்கள். "நான் எங்கங்க மேடையில ஏறுனேன்? தரையிலதானே நிக்கிறேன்" என்றாள் தமயந்தி. அன்றிலிருந்து எத்தனையோ வருஷம் அவள் மேடைக்குக் கீழே, தரையில் நின்றே தமிழாக்கம் செய்தாள். அவள் குரலுக்கு மேடை தேவைப்படவும் இல்லை.

கொடைக்கானலுக்கு வராத சபை கிடையாது. ஒவ்வொரு சபைக்கும் கடைசிக் காலத்தைப் பற்றி ஒவ்வொரு எண்ணம். ஒரு வருஷம் வந்தவர், ஆண்டவர் முதலில் வருவார், அதற்குப் பிறகு பூமியில் ஆயிரம் வருஷம் அரசாளுவார் என்றார். அடுத்த வருஷம் வந்தவர், நாம் சுவிசேஷம் சொல்லிச் சொல்லி உலகத்தைத் திருத்தினால் அந்த ஆயிரம் வருஷம் தானாக மலரும், அது முடிந்த பின்தான் ஆண்டவர் வருவார் என்றார். செண்பகனூர்ப் பக்கமிருந்து வந்த வெள்ளைக்காரக் கத்தோலிக்கச் சாமியார் ஒருவர், "ஆயிரம் என்பது எண்ணிப் பார்க்கிற கணக்கே இல்லை. திருச்சபை நடக்கிற காலம் முழுவதும் அந்த ஆயிரம்தான். அதற்குள்ளேதான் நீங்களும் நானும் உட்கார்ந்திருக்கிறோம்" என்று சொல்லிவிட்டுப் போனார். மூன்று பேர் சொன்னதையும் தமயந்தி அதே உறுதியோடு முழங்கினாள்.

பெருமாயி அவளை வழியில் மறித்தாள். "ஏத்தா தமயந்தி, ஆயிரம் வருஷத்துக்குப் போன வருஷம் முன்னாடி வருவாருன்ன, இந்த வருஷம் பின்னாடிங்கிற. ஒரு சொல்லுல நிக்க மாட்டியா?"

"வாய்தான் மதினி என்னோடது. சொல்லு அவங்களோடது."

"எங்க காதுக்கு உன் வாய்தானே தெரியுது!"

தமயந்தி அதைக் கேட்டுச் சிரித்தாள். அந்தப் பேச்சில் எவ்வளவு இருக்கிறது என்பது அவளுக்கு எண்பதாம் வருஷத்துக்குப் பிறகுதான் விளங்கியது.

அந்த வருஷம் மே மாதம் ஒரு பிரசங்கியார் பெரிய படச்சீலையோடு வந்தார். ஷாமியானாவின் ஒரு கோடியிலிருந்து மறுகோடிவரை அதை விரித்துக் கட்டினார்கள். ஆதாம் காலத்தில் தொடங்கி, உலகத்தின் வயதை ஏழு கட்டமாகப் பிரித்து, வட்டமும் அம்புக்குறியுமாக வரைந்திருந்தது. நெருப்பு ஏரி, ஏழு தலை மிருகம், மேகத்தில் எக்காளம் ஊதும் தேவதூதன், எல்லாம் நல்ல வர்ணம். அவர் கோலை எடுத்துக் கட்டம் கட்டமாகத் தொட்டுக்கொண்டே போய், கடைசிக் கட்டத்தின் ஓரத்தில் நிறுத்தினார். "அடுத்த வருஷம் பெந்தெகொஸ்தே நாள் கழிவதற்குள் ஆண்டவர் வந்துவிடுவார்" என்றார். ஈஸ்டருக்கு ஏழு வாரம் கழித்து வரும் ஞாயிறு அது.

அவர் அதை மெதுவாகத்தான் சொன்னார். தமயந்தி சொன்னபோது முன்வரிசையில் தூங்கிக்கொண்டிருந்த குழந்தைகள் விழித்து அழுதன.

பிரசங்கியார் சீலையைச் சுருட்டிக்கொண்டு ஊருக்குப் போய்விட்டார். அவர் சொன்ன சொல் கவுஞ்சியிலேயே தங்கிவிட்டது. மழை வந்தது, பனி வந்தது, கிறிஸ்துமஸ் வந்தது. 'இதுதான் கடைசிக் கிறிஸ்துமஸ்' என்று பாட்டு சற்று நீளமாகப் பாடினார்கள். எண்பத்தொன்றாம் வருஷம் ஈஸ்டர் நெருங்க நெருங்க ஊர் சோலி ஒவ்வொன்றாக நின்றது. கிழங்கு விதைக்கிற பருவத்தில் பாதி நிலம் உழாமல் கிடந்தது. ஜெபவீட்டுக் கூரைத் தகரம் காற்றில் பிய்ந்து தொங்கியது, அதற்கு ஆணி அடிக்க ஆள் வரவில்லை. தமயந்தியின் சொந்தப் புருஷனே விதைக்கிழங்கை மூட்டையில் வைத்துவிட்டு வெயில் காய்ந்துகொண்டிருந்தான்.

"நிலத்துக்குப் போகலியா?" என்றாள்.

"அறுக்கப் போறது ஆவணியில. நம்ம அதுவரைக்கும் எங்க இருக்கப்போறோம்? நீதானே சொன்ன" என்றான் சுப்புராஜ், மிகவும் சாந்தமாக. அவள் வாயடைத்து நின்றது அதுதான் முதல் தடவை என்று அவன் பிற்பாடு பெருமையாகச் சொல்லிக்கொள்வான்.

இதற்கு நடுவில் பெருமாயியின் மகள் லீலா வந்து சேர்ந்தாள். மன்னவனூர் ஆட்டுப்பண்ணையில் வேலை பார்க்கும் பொன்னுவேலுக்கு அவளை நிச்சயம் செய்திருந்தது. ஈஸ்டர் முடிந்ததும் கல்யாணம். இப்போது பெருமாயி முடியாது என்றுவிட்டாள். பரலோகத்தில் கொள்வினை கொடுப்பினை இல்லை என்று வேதத்தில் இருக்கும்போது, ஒரு மாசத்துக்காக எதற்குப் பந்தல் என்பது அவள் கட்சி.

"அத்தை, அவரு வெள்ளனே பஸ்ஸ பிடிச்சு வந்து எங்கம்மாகிட்டக் கெஞ்சிட்டுப் போறாரு. அது அசையல. நீங்க சொன்னதத்தானே நம்புது? நீங்களே இல்லைன்னு சொல்லிருங்க" என்றாள் லீலா. அழுகையும் ஆத்திரமுமாக இருந்தாள்.

"இல்லைன்னு நான் எப்படிப் பிள்ளை சொல்றது? வந்துட்டாருன்னா?"

உண்மையில் தமயந்திக்கே தெரியவில்லை. எத்தனையோ பேருக்கு வாயாக இருந்திருக்கிறாளே தவிர, இதில் தனக்கென்று என்ன எண்ணம் என்று அவள் தன்னைக் கேட்டுக்கொண்டதில்லை. அந்தக் கேள்வியைச் சுமந்துகொண்டுதான் அந்த வருஷம் கொடைக்கானலுக்குப் பஸ் ஏறினாள்.

அங்கே கிராமச் சபைகளைக் கவனிக்கும் உபதேசியார்களுக்கு வகுப்பு வைத்திருந்தார்கள். நடத்த வந்தவள் சுவீடன் தேசத்துப் பெண். பேர் இங்கிரிட். தமயந்தியைவிடப் பத்து வயது இளையவள். கீழ்நாட்டில் ஒரு வேதசாஸ்திரக் கல்லூரியில் திருச்சபைச் சரித்திரம் சொல்லிக்கொடுப்பவள். கூச்ச சுபாவம். அவள் பேசினால் பக்கத்தில் நிற்கிறவருக்கே பாதிதான் கேட்கும். 'இந்த அம்மாவுக்கு இந்த அம்மாதான் சரி' என்று தமயந்தியைப் பக்கத்தில் நிறுத்தினார்கள். பாடம் என்னவென்றால், கடைசிக் காலத்தைப் பற்றிக் கிறிஸ்தவர்கள் காலங்காலமாக என்னென்ன நம்பினார்கள் என்பது.

முதல் நாள் இங்கிரிட், ஆதிச் சபையைப் பற்றிச் சொன்னாள். அவர்கள் தங்கள் ஆயுசிலேயே ஆண்டவர் வந்துவிடுவார் என்றுதான் இருந்தார்களாம். தெசலோனிக்கே என்ற ஊரில் சிலர் வேலைவெட்டியை விட்டுவிட்டு உட்கார்ந்துவிட, பவுல் அப்போஸ்தலர், வேலை செய்யாதவனுக்குச் சோறு கிடையாது என்று கண்டித்து எழுத வேண்டியதாயிற்றாம். தமிழில் அதைச் சொல்லும்போது தமயந்தியின் கண்முன் சுப்புராஜும் விதை மூட்டையும் வந்து போனார்கள்.

மறுநாள் இங்கிரிட் சொன்னாள்: "கருங்கடல் ஓரத்தில் பொந்து என்று ஒரு நாடு. ஆயிரத்து எழுநூறு, எண்ணூறு வருஷத்துக்கு முன்னால் அங்கே ஒரு பிஷப் இருந்தார். பயபக்தியுள்ள மனுஷர். சொப்பனம் கண்டு, ஒரு வருஷத்துக்குள் நியாயத்தீர்ப்பு வரும் என்று சனங்களுக்குச் சொல்லிவிட்டார். அவர்கள் நிலத்தைத் தரிசாகப் போட்டார்கள். ஆடு மாடுகளை விற்றார்கள்."

தமயந்தி அதைத் தமிழில் சொல்லிவிட்டு நின்றாள். அடுத்த வாக்கியம் வந்தது. அது அவள் காதில் ஏறவில்லை. அவள் வழக்கத்தில் இல்லாத காரியம் ஒன்றைச் செய்தாள். இங்கிரிட் பக்கம் திரும்பித் தானாக இங்கிலீஷில் ஒரு கேள்வி கேட்டாள்.

"அந்த ஊர்ல கல்யாணத்துக்கு நின்ன பொம்பளப் பிள்ளைங்க இருந்திருக்குமே. அதுங்க கதி என்னாச்சு?"

இங்கிரிட்டுக்கு முகம் மலர்ந்துவிட்டது. "நான் இப்போது சொன்னதே அதுதான்! வருஷம் கழிந்தது. ஒன்றும் நடக்கவில்லை. ஆண்கள் நிலத்துக்குத் திரும்பினார்கள். பெண்களுக்குக் கல்யாணம் நடந்தது. அந்தக் காலத்து ஆள் ஒருவரே இதை எழுதிவைத்திருக்கிறார்."

"நடந்துச்சாம்!" என்றாள் தமயந்தி கூட்டத்தைப் பார்த்து. "அதுங்களுக்குக் கல்யாணம் நடந்துச்சாம்!" உபதேசியார்களுக்கு ஒன்றும் புரியாவிட்டாலும், அவள் சந்தோஷத்தைப் பார்த்துக் கைதட்டினார்கள்.

அதன்பிறகு இங்கிரிட் சொன்ன ஒவ்வொன்றும் அவளுக்குத் தெரிந்த ஆட்களின் கதையாகவே பட்டது. ஆப்பிரிக்காவில் அகுஸ்தீன் என்ற பிஷப், ஆயிரம் வருஷத்தை விரல்விட்டு எண்ணாதீர்கள், அது திருச்சபையின் காலம்தான் என்று எழுதியதைக் கேட்டதும், செண்பகனூர்ச் சாமியார் பேச்சு எங்கிருந்து வந்தது என்று விளங்கியது. இத்தாலியில் ஒரு துறவி, பிதாவின் காலம், குமாரனின் காலம், ஆவியின் காலம் என்று உலகத்தை மூன்றாக வகுத்துப் பார்த்தார். அமெரிக்காவில் மில்லர் என்கிற விவசாயி வேதத்தை வைத்துக் கணக்குப் போட, கடைசியில் ஒரு ஐப்பசி நாளைக் குறித்து ஆயிரக்கணக்கானவர்கள் காத்திருந்து ஏமாந்து அழுதார்கள். அவர்களில் ஒருவர் தன் உருளைக்கிழங்கைத் தோண்டாமலே விட்டிருந்தாராம். அந்த வருஷம் சீக்கிரம் தோண்டியவர்கள் கிழங்கெல்லாம் அழுகிப்போக, தாமதமாகத் தோண்டிய அவர் கிழங்கு மட்டும் நன்றாக இருந்ததாம். மலை உபதேசியார்கள் வயிறு குலுங்கச் சிரித்தார்கள். கிழங்கு அழுகுகிற துக்கமும் பிழைக்கிற சந்தோஷமும் அவர்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

படச்சீலையைப் பற்றியும் தமயந்தி கேட்டாள். உலகத்தை ஏழு கட்டமாக்கி, ஆண்டவர் இரகசியமாக வந்து சனங்களை எடுத்துக்கொள்வார் என்று அடுக்கிச் சொன்னது அயர்லாந்துப் பக்கத்துப் போதகர் ஒருவர் என்றும், அதற்கு நூற்றைம்பது வருஷம்தான் ஆகிறது என்றும் இங்கிரிட் சொன்னாள்.

"அட, எங்க பூட்டன் காபித் தோட்டத்துக்குக் கப்பல் ஏறுன காலமா!" என்றாள் தமயந்தி. ஆதாம் காலத்திலிருந்தே அந்தச் சீலை தொங்கிக்கொண்டிருக்கிறது என்று அவள் நினைத்திருந்தாள்.

வகுப்பு முடிந்த ஞாயிற்றுக்கிழமை இங்கிரிட்டையும் கூட்டிக்கொண்டு கவுஞ்சிக்குப் போனாள். ஆராதனை முடிந்ததும் எழுந்து நின்றாள். பக்கத்தில் யாருக்கும் வாயாக இல்லாமல், பொந்து நாட்டுக் கதையை முதலிலிருந்து சொன்னாள்.

சுப்புராஜ்தான் கேட்டான். "அப்ப அவரு வரமாட்டாருங்கிறியா?"

"நான் அப்படிச் சொல்லல. வருவாருன்னுதான் அத்தனை பேரும் நம்புனாங்க. நானும் நம்புறேன். நாள் குறிச்சவங்க மட்டும்தான் ஒவ்வொரு தடவையும் தலையில துண்டப் போட்டுக்கிட்டாங்க. போன வருஷம் அந்த நாள உங்களுக்குச் சொன்னது என் வாய். இந்தக் கதையச் சொல்றதும் அதே வாய்தான். ரெண்டையும் வச்சு நீங்களே பாத்துக்கங்க."

பெருமாயி எழுந்து நின்றாள். அவள் தோற்றுப்போகிறவள் இல்லை.

"சரி. பெந்தெகொஸ்தேக்கு மறுநாள் திங்கக்கெழம கல்யாணத்த வைக்கிறேன். ஞாயித்துக்கெழம அவரு வந்தா எல்லாரும் அவருகூடப் போவோம். வரலைன்னா எம்மக பொன்னுவேலுகூடப் போகட்டும்."

லீலா ஓடிவந்து தமயந்தியைக் கட்டிக்கொண்டாள். சுப்புராஜ் மறுநாள் வெயிலுக்கு முன்பே விதைக்கிழங்கைத் தோளில் தூக்கினான். வேலை செய்யாதவனுக்குச் சோறு இல்லை என்கிற பகுதியை அவள் வீட்டில் தனியாகச் சொல்லியிருந்தாள்.

அப்படியாக, உலகம் முடிய வேண்டிய நாளில் கவுஞ்சி முழுவதும் கல்யாணச் சமையலில் இறங்கியது. காலை ஆராதனை முடிந்ததும் பெண்கள் பந்தலில் உட்கார்ந்து பூண்டும் வெங்காயமும் உரித்தார்கள். இங்கிரிட்டும் வந்திருந்தாள். வெங்காயத்தில் கண்ணைக் கசக்கி, அழுது, அழுதுகொண்டே சிரித்தாள். சுப்புராஜ் பந்தல் மேலே ஏறித் தார்ப்பாய் கட்டிக்கொண்டிருந்தான். மத்தியானத்துக்கு மேல் கேரளாப் பக்கமிருந்து மேகம் இறங்கி ஊரை மூடிவிட்டது. பக்கத்து வீடு தெரியவில்லை. பேச்சும் தானாகக் குறைந்தது. அன்றைக்கு என்ன நாள் என்பது ஒவ்வொருவருக்கும் மறுபடி ஞாபகம் வந்திருக்க வேண்டும்.

அப்போது மேகத்துக்குள்ளிருந்து எக்காளம் ஊதியது.

நீளமாக, தெளிவாக, மேட்டிலிருந்து வந்தது சத்தம். கத்திகள் நின்றன. யாரோ ஒருத்தி முழங்காலில் விழுந்தாள். பெருமாயி கரண்டியோடு எழுந்து, "ஆத்தி, வந்துட்டாரே! சோறு இன்னும் வேகலையே!" என்று அலறினாள்.

மேலேயிருந்து சுப்புராஜ், "தமயந்தி! ஏணியப் பிடி, ஏணியப் பிடி!" என்று கத்தினான்.

"மேலதானே போகணும், ஏணி எதுக்கு?" என்றாள் அவள். வாய் அப்படிச் சொன்னாலும், கை ஏணியை இறுகப் பிடித்துக்கொண்டது. ஆனால் அது பயம் இல்லை என்று பிற்பாடு அவள் சொல்லுவாள். இலங்கைத் தோட்டத்தை விட்டு வந்தபோது சொந்தபந்தங்களை ஆளுக்கொரு திசையாகப் பிரித்து அனுப்பினார்களே, அந்த மாதிரி இல்லாமல் இந்தத் தடவை எல்லாரும் ஒரே இடத்தில் இருக்கிறோமே என்ற ஒரு நிம்மதி. அவ்வளவுதான் அந்த நேரத்தில் அவளுக்குத் தோன்றியது.

எக்காளம் இரண்டாம் தடவை ஊதியது, இன்னும் கிட்டத்தில். மேகம் விலகி, சிவப்புக் கோட்டும் தங்கநிறப் பொத்தானும், முழங்கால்வரை சேறுமாக ஒருவர் வந்து நின்றார். வத்தலக்குண்டு பேண்டு செட் திருமலைச்சாமி.

"கல்யாண வீடு இதுதானுங்களா? பஸ்ஸு வளைவுலயே நின்னுபோச்சு. மேகத்துல எம்பயக ஒருத்தன ஒருத்தன் தொலைச்சிரக் கூடாதேன்னு ஊதிக்கிட்டே வந்தேன்" என்றார்.

அன்றைக்குக் கவுஞ்சி சிரித்த சிரிப்பு கிளாவரை கிராமம்வரை கேட்டிருக்கும். பெருமாயி சிரித்துச் சிரித்து, கடைசியில் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "ஏலே, வெரசா இவுகளுக்குக் காப்பி கொண்டாங்கடா, அம்புட்டுத் தூரம் நடந்து வந்திருக்காக" என்றாள். மறுநாள் கல்யாணம் சிறப்பாக நடந்தது. பொன்னுவேல் மாலையோடு வந்து தமயந்தி காலில் விழப்போக, "ஆண்டவருக்குச் சொல்லுப்பா" என்று அவள் நகர்ந்துகொண்டாள். தாமதமாக விதைத்த கிழங்கு ஆவணியில் சுமாராகத்தான் விளைந்தது, ஆனால் அழுகவில்லை.

அதற்குப் பிறகும் தமயந்தி தமிழாக்கத்துக்குப் போனாள். ஒரு வழக்கத்தை மட்டும் ஏற்படுத்திக்கொண்டாள். கூட்டத்துக்கு முன்னால் பிரசங்கியாரிடம் போய், "தேதி ஏதும் சொல்லுவீங்களாங்க?" என்று மரியாதையாகக் கேட்பாள். ஆமாம் என்றால், "அப்ப வேற ஆளப் பாத்துக்கங்க" என்று சமையல்கட்டுக்குப் போய்விடுவாள். ஒருவர் கோபித்துக்கொண்டார். மற்றவர்கள் அவள் கேட்ட பிறகு பிரசங்கத்தில் ஒரு பக்கத்தைக் குறைத்துக்கொண்டார்கள். எண்பத்திரண்டில் கிரகங்கள் வரிசையில் வந்து உலகம் நொறுங்கப்போகிறது என்று செய்தி பரவியபோது கீழ்நாட்டில் பலர் பயந்தார்கள். கவுஞ்சிக்காரர்கள் பூண்டு நட்டுக்கொண்டிருந்தார்கள்.

எண்பத்து நாலில் இங்கிரிட் தன் தேசத்துக்குத் திரும்பிவிட்டாள். அந்த வருஷ உபதேசியார் வகுப்பில் சரித்திரப் பாடத்துக்கு ஆள் இல்லை. "நீங்களே எடுங்கம்மா, உங்களுக்குத்தான் மனப்பாடம் ஆச்சே" என்றார்கள். தமயந்தி போய் நின்றாள். தரையில்தான் நின்றாள். கூட்டம் அமைதியாயிற்று. அவளும் அமைதியாக நின்றுகொண்டிருந்தாள். நேரம் போனது. இடது பக்கத்திலிருந்து யாராவது முதல் வாக்கியத்தைச் சொல்ல வேண்டும் என்று அவள் காது காத்துக்கொண்டிருந்தது.

"என்னம்மா, கரண்டு போயிருச்சா?" என்றார் ஒரு உபதேசியார்.

எல்லாரும் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள். "ஆமா, கொஞ்ச நேரம் போயிருச்சு, இப்ப வந்துருச்சு" என்று சேலை முந்தியை இடுப்பில் செருகிக்கொண்டாள். "தெசலோனிக்கேன்னு ஒரு ஊருங்க. அங்க சில பேரு வேலைக்குப் போகாம வெயில் காஞ்சுக்கிட்டு உக்காந்திருந்தாங்க..."